பணிமாற்றக் கடிதத்தில் யாருடைய கையெழுத்து?

நேயர்களுக்கு வணக்கம்.

சிறுவர்களிடம் பாலியல் குற்றம் செய்த கத்தோலிக்கக் குரு ஒருவரைப் பற்றிச் செய்தி வந்தால், பேச்சு பெரும்பாலும் அந்தக் குருவோடு நின்றுவிடுகிறது. ‘யாரோ சிலர் தவறினால் திருச்சபையையே குறை சொல்வதா?’ என்று கேட்கிறோம். நானும் ஞாயிறு திருப்பலிக்குப் போகிறவன்தான். அப்படிக் கேட்பவர்களின் மனவலி எனக்குப் புரிகிறது. ஆனாலும் அந்தக் குருவை அடுத்த பங்குக்கு, அதாவது வேறொரு கோயிலின் மக்களிடம், அனுப்பிவைத்த ஆயர் இல்லத்தைப் பற்றித்தான் இன்று பேச வந்திருக்கிறேன்.

அமெரிக்காவின் பாஸ்டன் உயர்மறைமாவட்டத்தையே, அதாவது ஒரு பேராயரின் கீழுள்ள திருச்சபைப் பகுதியையே, எடுத்துக்கொள்வோம். அங்கே நடந்தவற்றுக்கு மறைமாவட்டத்தின் சொந்தக் கோப்புகளே சாட்சி. நீதிமன்றம் உத்தரவிட்ட பிறகுதான் அவை வெளியே வந்தன.

ஜான் கேகன் என்பவர் 1962இல் குருப்பட்டம் பெற்றார். முப்பது ஆண்டுகளுக்கும் மேல் பங்கு பங்காக மாறிக்கொண்டே இருந்தார். 130க்கும் மேற்பட்டோர் பிற்காலத்தில் அவர்மீது புகார் சொன்னார்கள். 1982இல் ஒரு பெண்மணி அப்போதைய பேராயர் கர்தினால் மெதெய்ரோசுக்குக் கடிதம் எழுதினார். அவருடைய உறவுக்குள்ளேயே ஏழு சிறுவர்கள் பாதிக்கப்பட்டிருந்தார்கள். குடும்பம் முன்பே முறையிட்டிருந்தது. வெளியே பேச வேண்டாம் என்று திருச்சபைத் தரப்பினர் கேட்டுக்கொண்டார்கள். அதே குரு இன்னும் பங்கில் இருக்கிறாரே என்பதுதான் அவர் ஆதங்கம். கர்தினாலின் பதிலில் வருத்தம் இருந்தது. கூடவே, கடவுள் பாவங்களை மன்னிக்கிறவர் என்ற நினைவூட்டலும் இருந்தது. அந்தப் பெண்மணி விசுவாசம் நிறைந்த கத்தோலிக்கர். மன்னிப்பைப் பற்றி அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. அவர் கேட்டது பிள்ளைகளுக்குப் பாதுகாப்பு.

அப்புறம் 1984. புதிய பேராயர் பெர்னார்ட் லா, கேகனை ஒரு பங்கிலிருந்து எடுத்து வெஸ்டன் என்ற ஊருக்கு அனுப்பினார். ‘இவருடைய கடந்த காலம் தெரிந்துமா இந்த நியமனம்?’ என்ற கவலையோடு துணை ஆயர் ஜான் டார்சி அந்த டிசம்பரிலேயே அவருக்கு எழுதினார். பலனில்லை. வெஸ்டனில், திருப்பலியில் குருவுக்கு உதவும் பீடச் சிறுவர்களைக் கவனிக்கும் பொறுப்பையும் கேகனிடமே கொடுத்தார்கள். 1989இல் சிகிச்சைக்கு அனுப்பினார்கள். அது முடிந்ததும் திரும்ப அதே பங்கு. 1996இல் அவர் ஓய்வு பெற்றபோது, பயனுள்ள பணிவாழ்வு நோயால் பாதிக்கப்பட்டுவிட்டது என்று பேராயர் நன்றிக் கடிதம் எழுதினார்.

இந்தக் கடிதங்களை வரிசையாக வைத்துப் படித்தால் ஒன்று கண்ணில் படும். முதலில் இதைப் பாவம் என்றார்கள், அதனால் மன்னித்தார்கள். பிறகு நோய் என்றார்கள், அதனால் மருத்துவரிடம் அனுப்பினார்கள். குற்றம் என்று மட்டும் யாரும் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் காவல்துறைக்குச் சொல்லியிருக்க வேண்டும். பிள்ளைகளின் பெற்றோருக்கோ ஒரு வார்த்தை போகவில்லை. புதிய சாமியார் வந்திருக்கிறார் என்று நம்பி வீட்டுக்குள் அழைத்தார்கள்.

2002 ஜனவரியில் ‘பாஸ்டன் குளோப்’ நாளிதழ் இதையெல்லாம் வெளியிட்டது. டிசம்பரில் கர்தினால் லா பதவி விலகினார். அடுத்த ஆண்டு அம்மாநில அரசின் தலைமை வழக்கறிஞர் வெளியிட்ட அறிக்கை, 1940 முதல் 789 பேர் புகார் செய்திருப்பதாகவும், குற்றம் சாட்டப்பட்ட குருக்களும் ஊழியர்களும் 250 பேர் என்றும் சொன்னது. ஆனால் மேலிடத்தில் இருந்தவர்கள்மீது வழக்குப் போட அந்நாளைய சட்டத்தில் வழியில்லை. மறைமாவட்டம் 552 பேருக்கு 8.5 கோடி டாலர் இழப்பீடு தர ஒப்புக்கொண்டது. கர்தினால் லாவோ 2004இல் ரோமின் புனித மேரி மேஜர் பேராலயத்துக்குத் தலைமைக் குருவாக நியமிக்கப்பட்டார். பாதிக்கப்பட்டவர்கள் அந்தச் செய்தியை எப்படிப் படித்திருப்பார்கள்? இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் ஆறுவதில்லை.

சரி, எதுவுமே மாறவில்லையா? மாறியிருக்கிறது. 2019இல் அப்போதைய திருத்தந்தை பிரான்சிஸ் கொண்டுவந்த விதிகளின்படி, இப்படி ஒரு குற்றம் தெரியவந்தால் குருக்களும் துறவியரும் திருச்சபை அதிகாரிகளிடம் சொல்லியே ஆக வேண்டும். மூடிமறைக்கும் ஆயர்மீதும் விசாரணை உண்டு. இத்தகைய வழக்குகளின் விவரங்களை வெளியே சொல்லக் கூடாது என்ற ‘திருப்பீட இரகசியம்’ என்னும் பூட்டும் அதே ஆண்டு டிசம்பரில் நீக்கப்பட்டது. ஆனால் காவல்துறையிடம் சொல்வது அந்தந்த நாட்டுச் சட்டத்தைப் பொறுத்ததாகவே விடப்பட்டிருக்கிறது. ஆயர்மீது புகார் வந்தால் விசாரிப்பவரும் பொதுவாக இன்னொரு பேராயர்தான். இது எனக்குப் போதவில்லை. விசாரணைக் குழுவில் குருவோ துறவியோ அல்லாத பொதுநிலையினர் இருக்க வேண்டும், குறிப்பாகக் குழந்தைப் பாதுகாப்பு தெரிந்தவர்கள். புகாரின் பேரில் மாற்றப்படும் குரு யார், ஏன் மாற்றப்படுகிறார் என்பது இரண்டு பங்குகளுக்குமே தெரிய வேண்டும்.

இதைக் கேட்டுக்கொண்டிருப்பவர்களில் யாருக்காவது இப்படி நேர்ந்திருக்கலாம், அல்லது உங்கள் பிள்ளை உங்களிடம் சொல்லியிருக்கலாம். பிள்ளை சொன்னதை நம்புங்கள். முதலில் காவல்துறைக்குப் போங்கள். ஆயர் இல்லத்துக்கு அதற்குப் பிறகு எழுதலாம். எழுதும் கடிதத்தில் தேதி போட்டு, ஒரு நகலைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். வணக்கம்.