நத்தையிடம் தோற்கும் வணிகர்

வணக்கம் நண்பர்களே. ஓரிடத்தில் நின்றால் எதெல்லாம் கண்ணுக்குத் தெரியும் என்று காட்டும் பார்வைப்புல வரைபடத் தொடரின் அடுத்த பகுதிக்காகக் காத்திருப்பவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள். அது தயாராகத்தான் இருக்கிறது. ஆனால் அண்மையில் ஒரு பார்வையாளர், பழைய பாதை ஒன்றைத் தேடி நிலப்பட மென்பொருளில் செய்த தன் திட்டக் கோப்பை எனக்கு அனுப்பிவைத்தார். அதைத் திறந்ததிலிருந்து எனக்கு வேறு எதிலும் மனம் செல்லவில்லை. இதைப் பேசித் தீர்த்துவிட்டுத்தான் மற்றதெல்லாம்.

கோப்பில் இருப்பது இதுதான். மலைப்பாங்கான ஒரு நிலப்பரப்பு, பழைய ஊர்கள் புதைந்திருக்கும் இரண்டு தொல்லியல் மேடுகள், இரண்டையும் இணைக்கும் ஒரு மஞ்சள் கோடு. கோடு ஆற்றை விட்டு விலகாமல் வளைந்து வளைந்து போகிறது. "பண்டைய வணிகர்கள் ஆற்றங்கரை வழியாகவே போனார்கள் என்று கணினி நிரூபித்துவிட்டது, கட்டுரையாக எழுதலாமா?" என்று கேட்டிருக்கிறார்.

அந்தக் கோட்டைச் சுற்றி ஓர் ஒளிவட்டம் இருக்கிறது. அதைப் பற்றி இப்போதே சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் கடைசி வரை தொண்டையில் சிக்கிக்கொண்டு நிற்கும். வரைபடங்களுக்கு வானவில் நிறங்களை அள்ளிப் பூசும் நிறப்பட்டையை நான் எவ்வளவு வெறுக்கிறேன் என்று உங்களுக்குத் தெரியும். அந்தப் பேச்சு வந்தாலே வீடியோவை வேகமாக ஓட்டிவிடுவதாகச் சிலர் எழுதியும் இருக்கிறீர்கள். என் வெறுப்புப் பட்டியலில் இரண்டாம் இடம் இந்த ஒளிவட்டத்துக்குத்தான். கணக்குப் போட்டுக் கிடைத்த பாதையைப் புள்ளிக்கோடாகப் போடுங்கள். களத்தில் கண்ட பாதையை முழுக்கோடாகப் போடுங்கள். ஒளிர விடுவதற்கு இது விளம்பரப் பலகை அல்ல.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். இந்தக் கோடு 'குறைந்த செலவுப் பாதை' என்ற முறையில் வந்தது. நிலப்பரப்பைச் சிறு சிறு கட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்தையும் கடக்க எவ்வளவு நேரமோ உழைப்போ ஆகும் என்று ஓர் எண் கொடுக்கிறோம். பிறகு தொடக்கத்திலிருந்து முடிவு வரை மொத்தச் செலவு எந்த வழியில் மிகக் குறைவு என்று கணினி தேடுகிறது. தேடும் முறை டைக்ஸ்ட்ரா என்ற கணினி அறிஞர் 1959-இல் வெளியிட்டது. அதில் எனக்கு ஒரு குறையும் இல்லை, அழகான முறை. வில்லங்கமெல்லாம் அந்த எண்ணில்தான்.

எண்ணைத் தருவதற்குப் பலர் கையாள்வது வால்டோ டோப்லர் என்ற புவியியலாளர் 1993-இல் முன்வைத்த நடைவேகச் சமன்பாடு. எட்வார்ட் இம்ஹோஃப் என்ற சுவிஸ் நிலப்பட வல்லுநரின் தரவுகளிலிருந்து அவர் அதை உருவாக்கினார். சரிவோடு 0.05-ஐக் கூட்டுங்கள், கூட்டல் கழித்தல் குறியை நீக்குங்கள், 3.5-ஆல் பெருக்குங்கள். வந்ததை இயல்மடக்கையின் அடிமானத்துக்கு (e, ஏறத்தாழ 2.718) எதிர்க்குறி அடுக்காக்கி, 6-ஆல் பெருக்கினால் மணிக்கு எத்தனை கிலோமீட்டர் என்று கிடைக்கும். சமதரையில் ஏறக்குறைய 5 கிலோமீட்டர். மிக லேசான இறக்கத்தில் அதிகபட்ச வேகமான 6. நூற்றுக்கு இருபது என்ற ஏற்றத்தில் 2.5 கிலோமீட்டர், அதே இறக்கத்தில் மூன்றரை. நடந்து பழகிய எவருக்கும் நம்பத் தகுந்த எண்கள்தான்.

இப்போது கவனியுங்கள். இந்தச் சமன்பாடு கேட்கும் 'சரிவு' ஒரு விகிதம். எவ்வளவு தூரம் கிடையாகப் போனால் எவ்வளவு உயரம் ஏறுகிறோம் என்பது. ஆனால் பல மென்பொருள்களில் சரிவு வரைபடம் கேட்டால், நாம் ஒன்றும் சொல்லாத வரை, டிகிரியில்தான் தருகின்றன. வரும் வரைபடத்தில் பெரும்பாலும் 'இது டிகிரி' என்று எழுதியிருக்காது! 5 டிகிரி என்றால் விகிதம் 0.0875. சமன்பாட்டுக்குள் 5 என்றே போட்டால் அது ஐந்நூறு சதவீதச் சரிவு, அதாவது ஏறக்குறையச் செங்குத்துச் சுவர். கோப்பைத் திறந்து செலவு வரைபடத்தில் ஒரு கட்டத்தைச் சொடுக்கிப் பார்த்ததும் சட்டென்று பிடிபட்டுவிட்டது. நாற்காலியிலிருந்து எழுந்தே விட்டேன், அவ்வளவு சந்தோஷம். அதனால் கணக்கு முழுவதையும் உங்களுக்குச் சொல்லாமல் விடப்போவதில்லை.

1 டிகிரி சரிவு. கண்ணால் பார்த்தால் தரை என்றுதான் சொல்வோம். சரியாகக் கணக்கிட்டால் மணிக்கு 4.7 கிலோமீட்டர் நடக்கலாம். டிகிரியை அப்படியே போட்டால் மணிக்கு 150 மீட்டர். 5 டிகிரி சரிவில் சரியான வேகம் மணிக்கு 3.7 கிலோமீட்டர். தவறான கணக்கில், கேளுங்கள், இரவும் பகலும் ஓராண்டு நிற்காமல் நடந்தால் ஒரு மீட்டருக்குச் சற்று அதிகம். ஓராண்டுக்கு ஒரு மீட்டர்! ஒரு நத்தை அந்த வணிகரை முந்திக்கொண்டு போய்த் தூங்கி எழுந்து திரும்பியும் வந்துவிடும். 10 டிகிரிக்கும் போட்டுப் பார்த்தேன், எனக்கு நிறுத்த மனமில்லை. அங்கே ஓராண்டு நடந்தாலும் ஒரு தலைமுடியின் தடிமனைக் கூடக் கடக்க முடியாது. பாவம், தலையில் மூட்டை வேறு.

இதில் சிரிப்பை விடக் கவலைதான் பெரிது. சிறு மேட்டைக் கூட ஏற முடியாத ஒரு மனிதரைக் கணினிக்குள் உருவாக்கிவிட்டால் அவர் எங்கே போவார்? தட்டையான இடம் எங்கே இருக்கிறதோ அங்கே. மலைநாட்டில் தட்டையான இடம் ஆற்றுப் பள்ளத்தாக்கு. ஆகவே கோடு ஆற்றை ஒட்டிப் போகிறது. 'பண்டைய மக்கள் ஆற்றங்கரையில் நடந்தார்கள்' என்று கேட்டதும் நம் எல்லோருக்கும் தலை தானாக ஆடுகிறது. நாம் ஏற்கெனவே நம்பிய கதையோடு பொருந்திவிட்டதால் ஒருவரும் செலவு வரைபடத்தைத் திறந்து பார்ப்பதில்லை. கோடு மலை உச்சியில் ஏறிக் குதித்திருந்தால் கோப்பை அனுப்பியவரே சந்தேகப்பட்டிருப்பார். பொருத்தமான முடிவு தரும் பிழையைப் பிடிப்பதுதான் கடினம்.

ஆங், ஒன்றை விட்டுவிட்டேன், இதை முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும். அவர் பயன்படுத்திய உயர மாதிரி, அதாவது ஒவ்வொரு கட்டத்துக்கும் நிலத்தின் உயரத்தைத் தரும் தரவு, எஸ்ஆர்டிஎம். 2000 பிப்ரவரியில் எண்டெவர் விண்ணோடத்திலிருந்து ராடார் மூலம் 11 நாள்களில் எடுக்கப்பட்ட தரவு, ஒரு கட்டம் ஏறத்தாழ 30 மீட்டர். அடர்ந்த காடு இருந்தால் அதில் பதிவாவது பெரும்பாலும் மரங்களின் மேற்பரப்பு, தரை அல்ல. அதோடு 2000-இல் நிலம் எப்படி இருந்ததோ அப்படி. அந்த நிலப்பரப்பின் நடுவில் ஒரு நீர்த்தேக்கம் இருக்கிறது. செயற்கைக்கோள் படத்தை அடியில் போட்டுப் பார்த்தேன். மஞ்சள் கோடு அதன் நட்டநடுவே போகிறது! நீர்ப்பரப்பு முழுவதும் ஒரே உயரம், சரிவு பூஜ்யம். கணக்குப்படி உலகிலேயே நடக்கச் சுகமான இடம் அதுதான். நம் வணிகர் நவீன அணைக்கட்டின் தண்ணீர் மேல் மணிக்கு 5 கிலோமீட்டர் வேகத்தில் நடந்து போகிறார். டிகிரிப் பிழையைத் திருத்தினாலும் இது திருந்தாது. அணைக்கு முந்தைய நிலப்படத்திலிருந்து சமஉயரக்கோடுகளை வரைந்தெடுத்து அந்தப் பகுதியை மாற்றி அமைக்க வேண்டும். எனக்கு மிகவும் பிடித்த வேலை அது, உங்களில் பலருக்குப் பிடிக்காது என்பதும் தெரியும்.

டிகிரிப் பிழையை மட்டும் திருத்திய பிறகு என்ன ஆயிற்று? கோடு ஆற்றை விட்டுவிட்டுத் தாழ்வான ஒரு கணவாய் வழியாகப் போகிறது, தூரமும் குறைவு. ஆனால் படிக்கட்டு போல ஒடிந்து ஒடிந்து வந்தது. ஒரு கட்டத்திலிருந்து சுற்றியுள்ள எட்டுக் கட்டங்களுக்கு மட்டுமே போகலாம் என்று வைத்தால் அப்படித்தான் வரும். கிராஸ் (GRASS) என்ற நிலப்பட மென்பொருளில் நடைச்செலவுக் கருவிக்கு 'குதிரை நகர்வு' என்று ஒரு விருப்பம் உண்டு, சதுரங்கக் குதிரை போல. அதைப் போட்டால் எட்டு திசைகள் பதினாறாகின்றன, கோடு நெகிழ்ந்து இயல்பாகிவிடுகிறது. அந்தச் சிறு பெட்டியில் குறியிட்டதும் வரும் மாற்றம் இருக்கிறதே, எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுப்பதில்லை. அந்தக் கருவி உயர மாதிரியையே நேரடியாக வாங்கிக்கொள்கிறது என்பதால் ஏற்றம் எது, இறக்கம் எது என்பதும் அதற்குத் தெரியும். வெறும் சரிவு வரைபடத்துக்கு அது தெரியாது. அதில் எல்லாமே ஏற்றம்தான். போகும் வழியும் திரும்பும் வழியும் வேறாக இருக்கலாம் என்ற விஷயமே அங்கே காணாமல் போய்விடுகிறது.

"அப்படியென்றால் கணவாய்தான் பழைய பாதையா?" என்று கேட்பீர்கள். இல்லை. அவசரப்படாதீர்கள். நடப்பவர் நேரத்தை மிச்சப்படுத்தவே நடந்தார் என்பது நாம் உள்ளே வைத்த ஊகம். கணினி அதைத்தான் திருப்பித் தருகிறது. வீட்டா-ஃபின்சி, ஹிக்ஸ் என்ற இரண்டு ஆய்வாளர்கள் 1970-இல் இஸ்ரேலின் கார்மல் மலைப்பகுதி பற்றிய ஆய்வில், ஓர் இருப்பிடத்திலிருந்து மக்கள் பயன்படுத்தும் நிலத்துக்கு, உழவர்களுக்கு ஒரு மணி நேர நடை அல்லது 5 கிலோமீட்டர், வேட்டையாடி உணவு சேகரிப்போருக்கு இரண்டு மணி நேரம் அல்லது 10 கிலோமீட்டர் என்று எல்லை வைத்தார்கள். துணிச்சலான யோசனை, இன்றும் பயன்படுகிறது. ஆனால் மனிதர்களை உழைப்புக் கணக்குப் பார்க்கும் இயந்திரங்களாக ஆக்கிவிடுகிறோம் என்ற கண்டனம் அன்றிலிருந்து தொடர்கிறது. அது நியாயமானதும்கூட.

சாக்கோ பள்ளத்தாக்கை எடுத்துக்கொள்ளுங்கள், அமெரிக்காவின் நியூ மெக்சிகோவில். ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் சாலைகள் போட்டார்கள், சில இடங்களில் 9 மீட்டர் அகலம். சக்கர வண்டி கிடையாது, பொதி சுமக்கும் விலங்கும் கிடையாது. அத்தனை அகலம் எதற்கு? அதற்கு மேல், பாறை குறுக்கே வந்தால் சுற்றிப் போகாமல் பாறையிலேயே படி வெட்டி நேராக ஏறுகின்றன. டோப்லர் சமன்பாட்டை எப்படித் திருகினாலும் அந்தக் கோடு வராது. அவர்களுக்கு நேராகப் போவதே முக்கியமாக இருந்திருக்கிறது.

வட சிரியாவில் பழைய நகரம் ஒன்று புதைந்திருக்கும் டெல் பிராக் மேடு இன்னும் சுவாரசியம். 1960 முதல் 1972 வரை எடுக்கப்பட்ட கொரோனா உளவுச் செயற்கைக்கோள் படங்களை அமெரிக்க அரசு 1995-இல் வெளியிட்டது. அவற்றில் பழைய மேடுகளைச் சுற்றி ஆரக்கால்கள் போல அகன்ற பள்ளப் பாதைகள் தெரிகின்றன. ஜேசன் உர் என்ற தொல்லியலாளர் அவற்றை வரைபடமாக்கினார். மக்களும் மந்தைகளும் திரும்பத் திரும்ப நடந்து தேய்த்த தடங்கள் அவை. அவற்றில் பல ஒருசில கிலோமீட்டர் மட்டும் போய் வெட்டவெளியில் மறைந்துவிடுகின்றன. வயல்வெளியைத் தாண்டி மேய்ச்சல் நிலம் வந்ததும் மந்தை சிதறிவிடும், பாதையும் முடிந்துவிடும். நம் முறை ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்குத்தான் கோடு போடும். எங்கும் போய்ச் சேராத பாதையை அது எப்படிக் காட்டும்?

கோப்பை அனுப்பிய நண்பருக்கு: கட்டுரையை இப்போது எழுத வேண்டாம். இரண்டு திசையிலும் பாதையைக் கணக்கிடுங்கள். எஸ்ஆர்டிஎம் தரவின் உயரப் பிழைக்கு வைத்த வரம்பே 16 மீட்டர் என்பதால், உயரங்களில் அந்த அளவுக்குள் தற்செயல் மாற்றங்களைச் சேர்த்து நூறு முறை ஓட்டுங்கள். நூறு கோடுகளும் கணவாயில் ஒன்றுகூடினால் அங்கே போய்ப் பழைய பானை ஓடுகளைத் தேடலாம். நான்கு பக்கம் சிதறினால் ஒற்றைக் கோட்டுக்குப் பதில் ஓர் அகன்ற பட்டையாகக் காட்டுங்கள். எதுவானாலும் சரி, ஒளிவட்டம் வேண்டாம். திருத்திய கோப்பை உங்களுக்கு அனுப்பிவிட்டேன், சரிவு இப்போது விகிதத்தில் இருக்கிறது. நீர்த்தேக்கத்தை மட்டும் தொடவில்லை. அதற்கான பழைய நிலப்படத்தை நீங்கள்தான் தேடிப் பிடிக்க வேண்டும்.