படிக்கட்டுக்குக் காத்திராத நாயகி: டெலியா ஸ்காலா

நேயர்கள் அனைவருக்கும் வணக்கம்.

இத்தாலியின் அரங்கக் கலை என்றவுடன் நம் மனத்தில் முதலில் எழுவது ஓப்பராதான். வெர்தி, புச்சினி ஆகியோரின் பெயர்களும் மிலான் நகரத்து லா ஸ்காலா அரங்கமும் அந்த அளவுக்கு உலகப் புகழ் பெற்றிருக்கின்றன. ஆனால் இரண்டாம் உலகப் போர் முடிந்த பின்னர், ஓப்பராவுக்கு நுழைவுச்சீட்டு வாங்கும் வழக்கமே இல்லாத குடும்பங்களும் கூட்டம் கூட்டமாகச் சென்று பார்த்த இன்னொரு மேடை அந்நாட்டில் இருந்தது. பாட்டும் நடனமும் நகைச்சுவையும் கலந்த அந்த இசை நாடக மேடையில், இம்மூன்றையும் ஒரே தகுதியுடன் செய்யவல்ல நாயகியாக முதலில் நிலைபெற்றவர் டெலியா ஸ்காலா என்பது என் கருத்து. இன்றைய உரை அவருடைய கலை வாழ்க்கையைப் பற்றியது.

அவர் என்ன செய்தார் என்பது விளங்க வேண்டுமானால், அவருக்கு முன் அந்த மேடை எப்படி இருந்தது என்பதை அறிய வேண்டும். 1930களிலும் 40களிலும் இத்தாலியர்கள் கொண்டாடிய கேளிக்கை வடிவத்துக்கு 'ரிவிஸ்தா' என்று பெயர். அதில் தொடர்ச்சியான கதை இருக்காது. நகைச்சுவைத் துணுக்குக் காட்சிகள், பாடல்கள், குழு நடனங்கள் ஆகியவற்றை ஒன்றன்பின் ஒன்றாக அடுக்கியிருப்பார்கள். அந்த உலகின் அரசி வாந்தா ஒசிரிஸ். மேடையின் பின்புறம் வானளாவ அமைத்த படிக்கட்டின் உச்சியில், இறகுகளும் பளபளப்பும் சூழ அவர் தோன்றுவார். இருபுறமும் அழகிய இளைஞர்கள் வரிசையாக நிற்க, பாடியபடியே ஒவ்வொரு படியாக இறங்கி வந்து, பார்வையாளர்களை நோக்கி ரோஜாப் பூக்களை வீசுவார். அதற்காகவே மக்கள் வந்தார்கள். ஒசிரிஸைக் குறைத்துச் சொல்வது என் நோக்கமன்று. ஒருவர் படியிறங்குவதைப் பார்ப்பதற்கென்றே அரங்கு நிறைகிறதென்றால் அது சாதாரணத் திறமை ஆகாது. எனினும், அந்த மேடை நாயகியிடம் எதிர்பார்த்தது தோற்றப் பொலிவைத்தான். அவர் ஒரு பாத்திரமாக மாற வேண்டிய தேவை அங்கே இருக்கவில்லை.

டெலியா ஸ்காலா 1929ஆம் ஆண்டு செப்டம்பர் 25ஆம் நாள், ரோமுக்கு அருகில் ஏரிக்கரையில் அமைந்த பிராச்சானோ என்னும் ஊரில் பிறந்தார். பெற்றோர் இட்ட பெயர் ஓடெட் பெடோன்யி. சிறுமியாக இருக்கும்போதே மிலானின் லா ஸ்காலா பாலே பள்ளியில் சேர்ந்து பல ஆண்டுகள் பயின்றார். பிற்காலத்தில் அவர் சூட்டிக்கொண்ட மேடைப் பெயரில் அந்த அரங்கத்தின் பெயரே நிலைத்துவிட்டது. 1813இல் தொடங்கப்பட்ட அப்பள்ளி, ஐரோப்பாவின் மிகப் பழைய பாலே பள்ளிகளுள் ஒன்று. ரஷ்ய பாலே நடனமணி அன்னா பாவ்லோவா உள்ளிட்ட மாபெரும் கலைஞர்களுக்கு ஆசானாக விளங்கிய என்ரிக்கோ செக்கெத்தி, தம் இறுதி ஆண்டுகளில் அங்கேதான் கற்பித்து, 1928இல் மறைந்தார். ஆசான் மறைந்த பின்னும் அவர் வகுத்த கடுமை அப்பள்ளியில் நீடித்தது. கைப்பிடிக் கம்பியைப் பற்றியபடி ஒரே அசைவை நூறு முறை செய்து பழகும் அந்தப் பயிற்சிதான், பிற்காலத்தில் சிரிப்பு மூட்டும் காட்சிகளில்கூட டெலியாவின் முதுகெலும்பு தளராமல் நின்றதற்குக் காரணம்.

1943 ஆகஸ்டில் குண்டுவீச்சில் லா ஸ்காலா அரங்கம் பெருஞ்சேதம் அடைந்தது. 1946 மே மாதத்தில்தான் புகழ்பெற்ற இசைக்குழு நடத்துநர் தொஸ்கானீனியின் இசைக் கச்சேரியோடு அது மீண்டும் திறக்கப்பட்டது. இதற்குள் வளர்ந்துவிட்ட டெலியா, போர் முடிந்த பின் பாலேயின் பக்கம் போகாமல் திரைப்படத்தின் பக்கம் திரும்பினார். லூயிஜி சாம்பா இயக்கி 1948இல் வெளிவந்த 'ஆன்னி திஃபீச்சிலி', எதுவார்தோ தெ ஃபிலிப்போ இயக்கி 1950இல் வெளிவந்த 'நாப்போலி மிலியொனாரியா' ஆகியவற்றில் அவர் நடித்தார். இவற்றினும் எனக்கு முக்கியமாகத் தோன்றுவது ஜுசெப்பே தெ சாந்திஸ் 1952இல் அளித்த 'ரோமா ஓரே 11'. ஒரேயொரு தட்டெழுத்தாளர் வேலைக்காக ரோம் நகரில் ஏறத்தாழ இருநூறு பெண்கள் வரிசையில் நின்றபோது, பாரம் தாங்காமல் கட்டடத்தின் படிக்கட்டு இடிந்து விழுந்த உண்மை நிகழ்ச்சியை அடிப்படையாகக் கொண்ட படம் அது. ஒசிரிஸ் இறகுகளோடு படியிறங்கிய அதே ஆண்டுகளில், வேலை தேடும் பெண்களின் எடை தாங்காமல் இன்னொரு படிக்கட்டு சரிந்ததைக் காட்டிய படத்தில் டெலியா நடித்திருக்கிறார் என்பதை என்னால் கவனிக்காமல் இருக்க முடியவில்லை.

ஆயினும் திரைப்படம் அவரை ஒரு நல்ல இளம் நடிகை என்ற அளவிலேயே வைத்திருந்தது. திருப்பம் 1954இல் வந்தது. பியெத்ரோ கரினேயி, சாந்த்ரோ ஜொவன்னினி என்னும் இரட்டையர் அப்போது இத்தாலிய இசை மேடையின் போக்கை மாற்றிக்கொண்டிருந்தார்கள். பத்திரிகையாளர்களாக இருந்து மேடைக்கு வந்தவர்கள் அவர்கள். 1952இல் ஒசிரிஸுக்காக 'கிரான் பரவோந்தா' என்னும் ரிவிஸ்தாவை எழுதியவர்களும் அவர்களே. அதே ஆண்டில் நகைச்சுவை நடிகர் ரெனாத்தோ ராஷெலை வைத்து, தொடக்கமும் முடிவும் உள்ள ஒரு கதையைப் பாட்டோடும் நடனத்தோடும் பின்னிய 'அத்தனாசியோ கவாலோ வனேசியோ'வை அளித்தவர்களும் அவர்களே. ஒரே பேனா இரண்டு காலங்களுக்கும் எழுதியது. கதை என்று ஒன்று வந்துவிட்டால், நாயகி வசனம் பேச வேண்டும், கோபப்பட வேண்டும், காதலிக்க வேண்டும், அந்தக் கோபமும் காதலும் முற்றும் இடத்தில் பாட்டாகவும் ஆட்டமாகவும் மாற வேண்டும். அத்தகைய நாயகியைத் தேடியவர்களுக்கு, பாலே பயின்று திரைப்படத்தில் நடிப்பும் கற்றிருந்த இருபத்தைந்து வயதுப் பெண் கிடைத்தார்.

அந்த முதல் நாடகம் 'ஜோவெ இன் தொப்பியோபெத்தோ'. கடவுளர் தலைவன் ஜூபிடர், ஒரு கணவனின் உருவத்தை எடுத்துக்கொண்டு அவன் மனைவியிடம் வருவதாகப் பண்டைய உரோம நாடகாசிரியர் பிளாத்துஸ் எழுதிய நகைச்சுவைக் கதையை, கோட்டும் சூட்டும் அணிவித்து நவீன காலத்துக்குக் கொண்டுவந்திருந்தார்கள். ஜூபிடராக நடித்தவர் கார்லோ டப்போர்த்தோ. இசை கோர்னி கிராமர். நாடகம் பெரும் வெற்றி பெற்று விரைவிலேயே திரைப்படமாகவும் ஆயிற்று.

அந்நாளைய மேடையின் ஒரு நடைமுறையை இங்கே சற்று விரிவாகச் சொல்ல விரும்புகிறேன். மேடையின் விளிம்பிலிருந்து புறப்பட்டு, வாத்தியக் குழு அமர்ந்திருக்கும் பள்ளத்தைச் சுற்றி வளைந்து, மறுபுறம் மேடையில் சேரும் ஒரு குறுகிய நடைமேடை உண்டு, 'பாஸ்ஸரெல்லா' என்பார்கள். நாடகம் முடிந்ததும் குழுவினர் அனைவரும் அதன்மீது வரிசையாக வலம் வருவார்கள். முதல் வரிசையில் அமர்ந்திருப்பவர் கை நீட்டினால் நடிகையின் காலணியைத் தொட்டுவிடலாம்; முகப்பூச்சில் வழியும் வியர்வையைக்கூடக் காணலாம். இரண்டரை மணி நேரம் ஆடிப் பாடிய பின்னரும் களைப்புத் தெரியாமல் அங்கே வருவதுதான் நாயகிக்கு உண்மையான தேர்வு. உடலில் பொருத்திக்கொள்ளும் கம்பியில்லா ஒலிவாங்கிகள் வழக்கத்துக்கு வராத காலம் அது என்பதையும் சேர்த்து எண்ணிப் பார்க்க வேண்டும். நடனத்தின் கடைசிச் சுழற்சி முடிந்த மறுகணம், மூச்சு வாங்குவது வெளியே கேட்காமல் பாட்டின் முதல் சொல்லை எடுக்க வேண்டும். பாடகிகள் ஆட முயன்றால் ஆட்டம் தேங்கும். ஆடுபவர்கள் பாட முயன்றால் குரல் இடறும். டெலியாவின் குரல் பெரிய குரலன்று. ஆனால் அதை எங்கே நிறுத்துவது, எங்கே பேச்சாக மாற்றுவது என்பதை அவர் ஓர் ஆட்டக்காரியின் தாளக் கணக்கோடு அறிந்திருந்தார்.

1956இல் 'புவனநோத்தே பெத்தீனா' அரங்கேறியது. வங்கி எழுத்தர் ஒருவனின் கூச்ச சுபாவமுள்ள மனைவி, யாருக்கும் தெரியாமல் எழுதிய நாவல் எதிர்பாராமல் பதிப்பாளர் கையில் சிக்கி, ஊரெங்கும் பரபரப்பாக விற்கும் புத்தகமாகிவிடுகிறது. அப்பாவி என்று நினைத்த மனைவி இப்படியெல்லாம் எழுதியிருக்கிறாளே, இதெல்லாம் இவளுக்கு எப்படித் தெரியும் என்று கணவன் தவிக்கிறான். கணவனாக வால்டர் கியாரி, மனைவியாக டெலியா. வீட்டுக்குள் அடங்கியிருக்கும் பெண்ணின் உள்ளத்தில் என்ன இருக்கிறது என்ற கேள்வியைச் சிரிப்பில் பொதிந்து வைத்த இந்நாடகம், 1959இல் ஆங்கில வடிவம் பெற்று லண்டனின் அடெல்ஃபி அரங்கிலும் நடந்தது. இத்தாலிய இசை நாடகம் ஒன்று அந்த ஊருக்குப் போவது அரிதான செய்தி.

இந்த நாடகத்தோடு பல ஊர்களுக்குச் சென்றுகொண்டிருந்த காலத்தில்தான் அவர் வாழ்வின் பெருந்துயரமும் நேர்ந்தது. அவரை மணக்கவிருந்தவர் எவுஜேனியோ காஸ்தெலோத்தி. இத்தாலியச் சாலைகளில் நடந்த நெடுந்தூரக் கார்ப் பந்தயமான மில்லே மில்லியாவை 1956ஆம் ஆண்டு வென்ற, நாடே அறிந்த கார்ப் பந்தய வீரர். 1957 மார்ச் 14ஆம் நாள் மோதெனா ஓடுதளத்தில் ஃபெராரி காரைச் சோதித்து ஓட்டியபோது நேர்ந்த விபத்தில் அவர் உயிரிழந்தார். வயது இருபத்தாறு. இருவருடைய காதலையும் வாரந்தோறும் படம் போட்டு விற்ற பத்திரிகைகள், இப்போது டெலியாவின் துக்கத்தையும் அதே ஆர்வத்தோடு விற்றன. அந்த ஆண்டே அவர் டப்போர்த்தோவுடன் 'லதொராபிலே ஜூலியோ' என்னும் புதிய நாடகத்தில் மேடையேறினார். அதைத் துணிச்சல் என்று எழுதியவர்கள் உண்டு. நடனக் குழுவும் வாத்தியக் குழுவும் ஒரு நாயகியின் பெயரை நம்பிப் பிழைக்கும் தொழில் அது என்பதையும் நாம் மறக்கலாகாது.

1958இல் வந்த 'உன் திராபேட்சியோ பெர் லிசிஸ்த்ராத்தா', போரை நிறுத்துவதற்காகக் கணவன்மாரை விலக்கிவைத்த கிரேக்கப் பெண்களைப் பற்றி அரிஸ்தொஃபனிஸ் எழுதிய நாடகத்தைத் தழுவியது. அதில் டெலியாவுடன் நீனோ மன்ஃப்ரேதியும் பாவ்லோ பனேல்லியும் நடித்தார்கள். மேடையில் பழகி மெருகேறிய அந்த மூவரையும் அப்படியே தொலைக்காட்சி எடுத்துக்கொண்டது. 1959இல் அரசுத் தொலைக்காட்சியான ராயின் 'கன்சொனீசிமா' நிகழ்ச்சியை மூவரும் நடத்தினார்கள். இயக்கியவர் அந்தோனெல்லோ ஃபால்க்வி. பாடல் போட்டியையும் லாட்டரிச் சீட்டையும் இணைத்த அந்நிகழ்ச்சி ஒளிபரப்பானபோது நாட்டில் ஒரேயொரு தொலைக்காட்சி அலைவரிசைதான் இருந்தது. வீட்டில் பெட்டி இல்லாதவர்கள் காப்பிக் கடைகளில் கூடிப் பார்த்தார்கள். கரினேயி, ஜொவன்னினி நாடகங்கள் நடந்த ரோம் நகரத்து சிஸ்தினா அரங்கின் முதல் வரிசைக்குக் காசு கொடுக்க முடியாத மக்களுக்கு டெலியா ஸ்காலா இப்படித்தான் வீட்டுப் பெண்ணைப் போல் அறிமுகமானார்.

1961ஆம் ஆண்டு, இத்தாலி ஒன்றுபட்டதன் நூற்றாண்டு விழா. அதையொட்டிக் கரினேயியும் ஜொவன்னினியும் அளித்த 'ரினால்தோ இன் காம்போ', இத்தாலியை ஒன்றுபடுத்தப் போரிட்ட கரிபால்தியின் படை 1860இல் வந்திறங்கிய சிசிலியைக் களமாகக் கொண்டது. கொள்ளைக்காரன் ரினால்தோவாக நடித்து இசையும் அமைத்தவர் புகழ்பெற்ற பாடகர் தொமெனிக்கோ மொதுன்யோ. உயர்குடிப் பெண் ஆஞ்செலிக்காவாக டெலியா. துணைப் பாத்திரங்களில் நகைச்சுவை இரட்டையர் பிராங்கோ பிராங்கி, சிச்சியோ இங்கிராசியா. வசூலில் அது பெரும் சாதனை படைத்தது. என்னைக் கேட்டால், டெலியாவின் மேடை வாழ்க்கையின் உச்சம் இதுவே. மொதுன்யோ போன்ற புயல் ஒரே மேடையில் நிற்கும்போது, கத்தாமலும் விலகாமலும் தம் இடத்தைத் தக்கவைப்பது எளிதன்று. அதன்பின் 1963இல் 'மை ஃபேர் லேடி'யின் இத்தாலிய வடிவத்தில் எலைசாவாக நடித்தார். பேராசிரியராக ஜான்ரீக்கோ தெதெஸ்கி. மறு ஆண்டில் ராஷெலுடன் 'இல் ஜோர்னோ தெல்லா தர்தருகா'. பிறகு மேடையிலிருந்து மெல்ல விலகித் தொஸ்கானா கடற்கரையில் இல்லறம் அமைத்துக்கொண்டார்.

தொலைக்காட்சி அவரை விடவில்லை. 1970இல் லாந்தோ புட்சாங்காவுடன் அவர் நடித்த 'சின்யோரே எ சின்யோரா', கணவன் மனைவி சண்டைகளைச் சொல்லி நாடு முழுவதையும் சிரிக்க வைத்தது. அந்த 1970களிலேயே அவருக்கு மார்பகப் புற்றுநோய் கண்டது. அந்நோயின் பெயரை உரக்கச் சொல்லவும் மக்கள் தயங்கிய காலத்தில், அவர் அதைப் பற்றி வெளிப்படையாகப் பேசினார்; மற்றப் பெண்களுக்கும் தைரியம் சொன்னார். பின்னர் 80களில் 'காசா செசீலியா' தொடரில் ஒரு குடும்பத் தலைவியாக வந்து, தம் மேடையைப் பார்த்திராத தலைமுறையின் அன்பையும் பெற்றார். 2004 ஜனவரி 15ஆம் நாள் லிவோர்னோ நகரில் காலமானார்.

மேடைக் கலைஞரைப் பற்றிப் பேசுவதில் ஒரு சிக்கல் உண்டு. அவருடைய சிறந்த இரவுகள் எதுவும் முழுமையாக நம் கையில் இல்லை. திரைப்படமாக்கப்பட்ட 'ஜோவெ'யும் தொலைக்காட்சிப் பதிவுகளும்தான் மிஞ்சியிருக்கின்றன. ஆனால் அவர் ஏற்படுத்திய எதிர்பார்ப்பு நிலைத்துவிட்டது. தொலைக்காட்சி நட்சத்திரம் ரஃபயெல்லா கர்ராவிடமும் பின்வந்த பிறரிடமும் பாடு, ஆடு, சிரிக்க வை என்று மூன்றையும் சேர்த்தே இத்தாலியர்கள் கேட்டார்கள். 1997இல் 'கிரீஸ்' இசை நாடகம் இத்தாலிய மொழியில் அரங்கேறி, ஒரு புதிய தலைமுறையை இசை நாடகத்தின் பக்கம் இழுத்து வந்தது. அதன் நாயகி லொரெல்லா குக்கரீனி, நடனப் பயிற்சியிலிருந்து வந்தவர். நாயகன் ஜாம்பியேரோ இங்கிராசியா, 'ரினால்தோ இன் காம்போ'வில் டெலியாவுடன் மேடையேறிய அதே சிச்சியோவின் மகன்.

செவிமடுத்த உங்கள் அனைவருக்கும் நன்றி. வணக்கம்.