முடி மட்டும்தானா மாறியது?

நடுவர் அவர்களுக்கும், இரு அணித் தோழர்களுக்கும், அரங்கம் நிறைந்திருக்கும் அனிமே சொந்தங்களுக்கும் வணக்கம்.

"டிராகன் பால் தொடரின் உருமாற்றங்கள் கதையை வளர்த்தனவா, தேய்த்தனவா?" வளர்த்தன என்ற அணிக்காக வந்திருக்கிறேன். நாலு பக்கம் குறிப்பு எழுதி வந்தேன். இப்போது அதை மடித்து வைத்துவிட்டேன். எனக்கு முன்னால் பேசிய எதிரணி அண்ணன் ஒன்று சொன்னாரே, நீங்களும் விசில் அடித்தீர்களே: "இது கதையே இல்லைங்க, சலூன் கடை! கறுப்பு முடி, மஞ்சள் முடி, சிவப்பு முடி, நீல முடி, கடைசியில் வெள்ளி முடி. இனி மருதாணி ஒன்றுதான் பாக்கி!"

சரிங்க அண்ணா. சலூனுக்கே போவோம்.

1991. ஜப்பானில் ஷோனென் ஜம்ப் என்ற வார இதழ். அதில் 1984 முதல் வாரம் தவறாமல் டிராகன் பால் சித்திரக்கதையை வரைந்துகொண்டிருக்கிறார் அகிரா தோரியாமா. கதாநாயகன் கோகுவின் தலையை நினைத்துப் பாருங்கள். நாலு பக்கமும் முள் முள்ளாக நிற்கும் கறுப்பு முடி. வரைவது ஒரு வேலை. அதற்குள் கறுப்பு மையை நிரப்புவது இன்னொரு வேலை, அது உதவியாளர் தலையில். ஒரு பக்கத்தில் கோகு ஆறு கட்டத்தில் வந்தால் ஆறு தலைக்கு மை. அடுத்த பக்கத்தில் ஐந்து தலை. அதற்கடுத்த பக்கம் சண்டைக்காட்சி, தலைகீழாகப் பறக்கிறான், அந்தத் தலைக்கும் மை! இதழ் அச்சுக்குப் போக வேண்டும், அந்த மனிதர் இன்னும் முடிக்குள் மை அடைத்துக்கொண்டிருக்கிறார். அந்த வேலையைக் குறைக்கத்தான் உருமாறிய கோகுவின் முடியை மை நிரப்பாமல் வெள்ளையாகவே விட்டேன் என்று தோரியாமாவே சொல்லியிருக்கிறார். தாளில் வெள்ளை, டிவிக்கு வந்தபோது தங்கம்.

அண்ணன் எழுந்து நின்று சிரிக்கிறார். "பார்த்தீங்களா, நீங்களே ஒத்துக்கிட்டீங்க" என்கிறார். உட்காருங்க அண்ணா, கதை முடியவில்லை. மையை மிச்சம் பிடித்தாரே, உயிரை எங்கே வைத்தார்? கண்ணில் வைத்தார். சூப்பர் சையன் என்ற அந்தத் தங்க முடி உருவின் கூரிய பார்வைக்கு மாதிரி யார் தெரியுமா? புரூஸ் லீ! எதிரியை நின்ற இடத்தில் உறைய வைக்கும் புரூஸ் லீயின் முறைப்பு. அதுவரைக்கும் கோகுவின் கண் எப்படிப்பட்டது? சோற்றைக் கண்டால் விரியும் குழந்தைக் கண். அந்தக் கண் ஒரே அத்தியாயத்தில் அப்படி மாறுகிறதே, எதற்காக?

கிரிலினுக்காக. நமேக் கிரகத்தில் ஃப்ரீசா என்ற வில்லன் அவனை அந்தரத்தில் தூக்கி வெடிக்க வைக்கிறான். சின்ன வயசிலிருந்து ஒரே குருவிடம் படித்த தோழன். ஏற்கனவே ஒருமுறை செத்து, டிராகனிடம் வரம் கேட்டு மீட்கப்பட்டவன். பூமியின் டிராகன் அவனை இரண்டாம் முறை மீட்டுத் தராது. அந்த நொடியில் மாறுகிறான் கோகு. மாறியதும் முதல் காரியமாக எதிரியை அடித்தானா? இல்லை. மகன் கோஹானைப் பார்த்து, எனக்குக் கொஞ்சமாவது புத்தி மிச்சம் இருக்கும்போதே இங்கிருந்து போய்விடு என்கிறான். தன் கோபத்தைப் பார்த்துத் தானே பயப்படுகிறான் நடுவர் அவர்களே! எந்த சலூனில் நடக்கும் இது?

இன்னொன்றும் சொல்கிறேன். அண்ணனுக்கு முன்பே இந்தக் கேள்வியைக் கேட்ட ஒருத்தி கதைக்குள்ளேயே இருக்கிறாள். கோகுவின் மனைவி சிச்சி. செல் என்ற வில்லனோடு மோதுவதற்கு முன்பு அப்பாவும் மகனும் தங்க முடியோடு வீட்டுக்கு வந்து நிற்கிறார்கள். பூமியைக் காப்பாற்றப் போகிற பிள்ளை! அவள் என்ன செய்கிறாள்? ஐயோ, என் பிள்ளை ரௌடியாகப் போய்விட்டானே என்று அலறுகிறாள். ஜப்பானில் பள்ளிக்கூடப் பிள்ளை முடிக்குச் சாயம் அடித்தால் கெட்டுப் போனான் என்றுதான் அர்த்தம். நம் வீட்டில் மட்டும் என்னவாம்? ஒரு பையன் முன்முடியில் நாலு இழைக்குச் சாயம் பூசிக்கொண்டு வாசலில் நின்றால், "இந்தக் கோலத்தோட உள்ளே வராதே" என்று எத்தனை அம்மா சொல்லியிருப்பாள்! சிச்சி முடியைப் பார்த்தாள். ஆனால் அந்த இருவரும் ஏன் அதே உருவில் சாப்பிட்டார்கள், தூங்கினார்கள்? மாறினாலே கோபம் கொப்பளிக்கும் அந்த உடம்பில், கோபமில்லாமல் இருந்து பழகினார்கள். அதே நேரத்தில் எதிர்காலத்திலிருந்து வந்த டிரங்க்ஸ் தசையை ஊத வைத்தான், பலம் ஏறியது, வேகம் போனது, செல்லிடம் தோற்றான். ஊதுவது வளர்ச்சியில்லை என்று அந்தக் கதையே காட்டிவிட்டது.

கோகுவின் இளைய மகன் கோட்டெனும், இந்தக் காலத்துக் குட்டி டிரங்க்ஸும் விளையாட்டாக மாறிவிட்டார்களே என்றும் அண்ணன் கேட்டார். அப்பன் கிணறு தோண்டினான், பிள்ளை குழாயைத் திறந்தான். அவ்வளவுதான் அண்ணா.

இப்போது வரிசையாகப் பாருங்கள். முதல் உருமாற்றம் எது? தங்க முடி அல்ல. பௌர்ணமியைக் கண்டால் ராட்சதக் குரங்காக மாறுவான் சின்னக் கோகு, தன்னையே மறந்து. வளர்த்த தாத்தாவை அந்த உருவில்தான் மிதித்துக் கொன்றான். அது தன் கால் என்று வளர்ந்து ஆளாகி, எதிரியாக வந்த வெஜிட்டா அதே குரங்காக மாறுவதைப் பார்த்த அன்றுதான் அவனுக்கு உறைக்கிறது. அடுத்து காயோகென் என்ற பலமேற்றும் வித்தை, குருவிடம் கற்றது. இரண்டு மடங்கு, நாலு மடங்கு என்று ஏற்ற ஏற்ற உடம்பே கிழியும். அடுத்து கோபம். அடுத்து கோபத்தை அடக்கிய அமைதி. 2013 திரைப்படத்தில் கடவுள் நிலை, அந்தச் சிவப்பு முடி. அதை அவன் தனியாக அடையவே முடியாது, நல்ல மனசுள்ள சையன்கள், அதாவது கோகுவின் இனத்தார், ஐந்து பேர் கைகோத்து ஆறாவது ஆளுக்குத் தங்கள் சக்தியைத் தர வேண்டும். ஓர் ஆள் குறைகிறது. யார் வந்து நிரப்புகிறார்கள்? கோஹானின் மனைவி வீடெல் வயிற்றில் இருக்கும் குழந்தை! பிறக்காத பேத்தி தாத்தாவுக்குக் கை கொடுக்கிறாள். 2018இல் வெள்ளி முடி. மனசு குறுக்கே வராமல் உடம்பு தானாக அசையும் நிலை. நிலாவைப் பார்த்துப் புத்தி கலங்கிய பையன், புத்தி அசையாமல் நிற்கும் இடத்துக்கு வந்து சேர்ந்தான். இதையா அண்ணா ஹேர் டை என்கிறீர்கள்?

மணி அடித்துவிட்டது. நடுவர் அவர்களே, ஒரே ஒரு நிமிடம்.

எங்கள் அப்பா மில் தொழிலாளி. நைட் ஷிஃப்டுக்குக் கிளம்புகிற நேரமும் இந்தத் தொடர் டிவியில் ஓடுகிற நேரமும் ஒன்று. கையில் டிபன் கேரியரோடு நிலைப்படியில் நின்று, தினமும் ஒரே கேள்விதான் கேட்பார்: "ஏம் பாப்பா, இன்னும் கத்திக்கிட்டேதான் இருக்கானா?" திங்கள்கிழமை கேட்பார். "ஆமாப்பா." செவ்வாய்க்கிழமை, "இன்னுமா?" "ஆமாப்பா, மாறிக்கிட்டே இருக்கான்." புதன்கிழமை எட்டிப் பார்த்து, "தொண்டைக்கு ஏதாவது குடுங்கப்பா அவனுக்கு" என்பார். வாரக்கணக்கில் இதே பேச்சு. ஒருநாள் கூட நின்று பார்த்ததில்லை. ஆறரைக்கு மில் பஸ்.

ஒருநாள் செல்லோடு கடைசிச் சண்டை. கோஹானுக்கு இடது கை தொங்கிவிட்டது. சண்டையே பிடிக்காத பையன், ஒற்றைக் கையால் கமேஹமேஹா என்ற ஒளிக்கதிரை விடுகிறான். எதிரியின் ஒளி அவனைத் தள்ளிக்கொண்டே வருகிறது. அப்போது அவனுக்குப் பின்னால், அதே நிலையில், கையை நீட்டிக்கொண்டு ஓர் உருவம் தெரிகிறது.

அப்பா வாசலில் செருப்பு மாட்டியவர் கேட்டார், "பின்னாடி நிக்கிறது யாரு பாப்பா?"

"அவன் அப்பா. செத்துப்போயிட்டார்ப்பா."

அப்பா ஒன்றும் பேசவில்லை. டிபன் கேரியரை மெதுவாகத் தரையில் வைத்தார். செருப்போடு அப்படியே நின்றார். கோஹான் ஜெயிக்கிறவரைக்கும் நின்றார். வெளியே மில் பஸ் ஹார்ன் அடித்தது, இரண்டு தடவை. அப்புறம் போய்விட்டது. ஒரு நாள் சம்பளமும் போயிற்று.

அந்த அப்பா இதோ மூன்றாவது வரிசையில் உட்கார்ந்திருக்கிறார். முடியின் நிறத்தைப் பார்க்கவா அவர் பஸ்ஸை விட்டார் என்று எதிரணி அண்ணனே இறங்கிப் போய் அவரைக் கேட்கட்டும் நடுவர் அவர்களே.

வணக்கம்.