பன்னிரண்டு அணிகளின் மாற்று ஆட்டக்காரர்

(தமிழ்ச் சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)

விழாவுக்குத் தலைமை ஏற்றிருக்கும் சங்கத் தலைவர் அவர்களே, மேடை ஏறாமலே எல்லா வேலையையும் பார்த்துக்கொண்டிருக்கும் செயலாளர் அவர்களே, எனக்கு முன்னால் பேசி அரங்கத்தைக் கலகலப்பாக்கிய மருத்துவர் அம்மா அவர்களே, ராலியிலிருந்து வண்டி ஓட்டிக்கொண்டு சார்லட் வரைக்கும் வந்திருக்கும் நண்பர்களே, விடிகாலையிலிருந்து அடுப்படியில் நின்ற சமையல் குழுவினரே, முன்வரிசையில் இருக்கும் பெரியவர்களே, பின்வரிசைப் பிள்ளைகளே, எல்லோருக்கும் வணக்கம்.

தலைவர் அவர்களுக்குத் தனியாக ஒரு நன்றி. ஆண்டு விழாவில் அமெரிக்கன் ஃபுட்பால் பற்றிப் பேசப்போகிறேன் என்றதும் மறுபேச்சில்லாமல் சரி என்றார். எனக்குப் பின் பேசவிருக்கும் பேராசிரியர் அவர்கள் தன் நேரத்தில் ஐந்து நிமிடத்தை எனக்குக் கொடுத்திருக்கிறார். அந்தப் பெருந்தன்மைக்கும் என் வணக்கம்.

என்னோடு பழகியவர்களுக்கு நான் எந்தப் பழமொழியைச் சொல்வேன் என்று தெரியும். சிறு துரும்பும் பல் குத்த உதவும். இன்றைக்கும் அதுதான். அதற்குச் சாட்சியாக ஒரு மனிதரைக் கொண்டு வந்திருக்கிறேன். பெயர் ஜாஷ் மெக்கவுன். அமெரிக்கன் ஃபுட்பாலில் பந்தை எறிந்து ஆட்டத்தை நடத்துகிற குவார்ட்டர்பேக்.

புகழ்பெற்ற குவார்ட்டர்பேக் டாம் பிரேடியை இங்கே பிள்ளைகள் எல்லோருக்கும் தெரியும். மெக்கவுனைத் தெரிந்தவர்கள் கை தூக்குங்கள் என்றால் நாலைந்து கைகூட வராது. 1979 ஜூலை 4, டெக்சஸில் ஜாக்சன்வில் என்கிற சிற்றூரில் பிறந்தவர். சாம் ஹூஸ்டன் ஸ்டேட் பல்கலைக்கழகத்திலிருந்து 2002இல், கல்லூரி வீரர்களை அணிகள் வரிசைப்படி எடுத்துக்கொள்ளும் ஆண்டுத் தேர்வில், அரிசோனா கார்டினல்ஸ் அணி அவரை 81ஆவது ஆளாகத் தேர்ந்தெடுத்தது. அதற்கப்புறம் டெட்ராய்ட், ஓக்லண்ட், மயாமி, கரோலினா, சான் பிரான்சிஸ்கோ, சிகாகோ, டாம்பா பே, கிளீவ்லண்ட், நியூயார்க் ஜெட்ஸ், பிலடெல்ஃபியா, ஹூஸ்டன். மொத்தம் பன்னிரண்டு அணிகள். இதில் சில ஊர்களில் ஒரு பந்தயம் ஆடுவதற்குள் அனுப்பிவிட்டார்கள். நடுவில் 2010இல் என்எஃப்எல் என்ற பெரிய லீக்கில் இடமே கிடைக்காமல், யுஎஃப்எல் என்ற சிறிய லீக்கில் ஹார்ட்ஃபோர்ட் அணிக்கு ஆடினார். தொடக்க ஆட்டக்காரராக இறங்கிய பந்தயங்களில் 23 வெற்றி, 53 தோல்வி. இந்தக் கணக்கை மட்டும் பார்த்தால் இவரைப் பற்றி மேடையில் பேச என்ன இருக்கிறது என்று தோன்றும்.

மூன்று விஷயங்கள் சொல்ல நினைத்திருக்கிறேன். ஒன்று, அவருடைய ஆட்டம். இரண்டு, இப்படிப்பட்டவர்களை லீக் நடத்துகிற விதம். ஒப்பந்தத்தில் பெரிய தொகை எழுதியிருப்பார்கள். அதில் எவ்வளவு உறுதியானது, சீசன் தொடங்கும் முன் 53 பேர் பட்டியலுக்காக ஆட்களை எப்படிக் கழித்துவிடுகிறார்கள் என்பதெல்லாம். மூன்றாவது, பிள்ளைகளுக்கு அவர் செய்தது.

ஆட்டத்துக்கு வருகிறேன். 2003 டிசம்பர் 28. சீசனின் கடைசி நாள். அரிசோனாவில் டெம்பி நகரத்து மைதானம். கார்டினல்ஸ் அதுவரை மூன்று பந்தயம்தான் ஜெயித்திருந்தது. எதிரே மினசோட்டா வைக்கிங்ஸ். அந்த ஆண்டு முதல் ஆறு பந்தயத்தையும் வரிசையாக ஜெயித்த அணி. இதை ஜெயித்தால் தங்கள் பிரிவில் முதலிடம், பிளே ஆஃப் என்கிற இறுதிச் சுற்றுக்குள் இடம். தோற்றால் வீட்டுக்குப் போக வேண்டியதுதான். கடைசி இரண்டு நிமிடத்துக்கு வரும்போது வைக்கிங்ஸ் 17, கார்டினல்ஸ் 6. பாதிப் பேர் எழுந்து போயிருப்பார்கள் என்று நினைக்கிறீர்களா? நானாக இருந்தால் போயிருப்பேன்.

மெக்கவுன் ஒரு டச் டவுன் எறிந்தார், அதாவது எதிரணியின் எல்லைக்குள் பந்தைச் சேர்த்து ஆறு புள்ளி. 17க்கு 12. அடுத்து எதிரணியிடம் உதைத்துக் கொடுக்க வேண்டிய பந்தையும் கார்டினல்ஸ் ஆட்களே பாய்ந்து பிடித்துவிட்டார்கள். மறுபடி வாய்ப்பு. விளையாட்டு பழக்கமில்லாத பெரியவர்களுக்காகச் சொல்கிறேன்: நான்கு முயற்சிக்குள் பத்து கெஜம் முன்னேற வேண்டும், இல்லையென்றால் பந்து எதிரணிக்குப் போய்விடும். மெக்கவுனை அடுத்தடுத்து இரண்டு தடவை பிடித்துக் கீழே சாய்த்தார்கள். ஆகவே நான்காவது முயற்சி, பத்து கெஜம் இல்லை, 25 கெஜம் வேண்டும். கடிகாரத்தை நிறுத்தக் கையில் டைம் அவுட் கிடையாது. கடிகாரம் ஓடிக்கொண்டிருக்கிறது. கீழே விழுந்தவர் எழுந்து, ஆட்களை அவசர அவசரமாக வரிசையில் நிறுத்தி, பந்தை வாங்கி, வலப்பக்கமாக ஓடி, 28 கெஜத்திலிருந்து எறிந்தார். கடிகாரத்தில் பூஜ்யம். பந்து காற்றில். எல்லைக்கோட்டு ஓரத்தில் பந்து பிடிக்கும் ரிசீவரான நேட் பூல் எகிறிப் பிடிக்கிறார். இரண்டு வைக்கிங்ஸ் வீரர்கள் அவரை மோதி வெளியே தள்ளுகிறார்கள். இரண்டு காலும் உள்ளே பட்டால்தான் செல்லும், அப்படிப் படவில்லை. ஆனால் தள்ளிவிடாமல் இருந்தால் உள்ளேதான் இறங்கியிருப்பார் என்று நடுவர் கருதினால் அது செல்லும் என்று அன்றைக்கு ஒரு விதி இருந்தது. 2008இல் அதை எடுத்துவிட்டார்கள். நடுவர் இரண்டு கையையும் தூக்கினார். டச் டவுன்! 18க்கு 17!

இதோடு முடியவில்லை, கேளுங்கள். அதே நேரம் விஸ்கான்சினில் கிரீன் பே பேக்கர்ஸ் சொந்த மண்ணில் டென்வரை அடித்துக்கொண்டிருந்தது. ஆனால் வைக்கிங்ஸ் தோற்றால்தான் அவர்களுக்குப் பிரிவின் முதலிடம். அரிசோனா சேதி வந்ததும் அந்த மைதானமே அதிர்ந்தது. இன்னொன்றும் உண்டு. வீரர்களை எடுக்கும் தேர்வில் மிக மோசமாக ஆடிய அணிக்குத்தான் முதல் இடம். அன்றைக்கு ஜெயித்ததால் கார்டினல்ஸுக்கு அடுத்த ஆண்டுத் தேர்வில் அந்த முதல் இடம் கைநழுவி மூன்றாவது இடம் வந்தது. அந்த மூன்றாவது இடத்தில் எடுத்தவர் லேரி ஃபிட்ஸ்ஜெரால்டு. சிறுவயதில் அதே வைக்கிங்ஸ் அணிக்குப் பந்து எடுத்துக் கொடுத்த பையன். பின்னாளில் பதினேழு சீசன் கார்டினல்ஸுக்கே ஆடினார். அந்த ஒரு எறிதல் மூன்று அணிகளின் வரலாற்றைத் திருப்பிவிட்டது. எறிந்தவரை மட்டும் இரண்டே ஆண்டில் அணி விட்டுவிட்டது. சிறு துரும்பு!

நேரம் ஓடுகிறது என்று செயலாளர் அவர்கள் கை காட்டுகிறார். சம்பளம், ஒப்பந்தம் பற்றிய இரண்டாவது விஷயத்தை இன்னொரு மேடையில் பேசிக்கொள்ளலாம். மூன்றாவதுதான் எனக்கு முக்கியம்.

2011. சான் பிரான்சிஸ்கோ அணி சீசன் தொடங்கும் முன்பே அவரை விடுவித்துவிட்டது. வயது 32. வேறு யாரும் கூப்பிடவில்லை. எங்கே போனார் தெரியுமா? இங்கேதான், வட கரோலினாவுக்கு. நம்மில் பலர் குடியிருக்கிற வேக்ஸ்ஹா பக்கம், மார்வின் ரிட்ஜ் உயர்நிலைப் பள்ளி மைதானத்துக்கு. பள்ளிப் பிள்ளைகளுக்குப் பந்து எறியக் கற்றுக்கொடுத்தார். பெரிய மைதானங்களில் ஆடிய மனிதர், வியர்வையில் நனைந்த பதினைந்து வயதுப் பையனிடம் கால் எங்கே வைக்க வேண்டும் என்று சொல்லிக்கொண்டிருந்தார்.

நவம்பரில் சிகாகோ பேர்ஸ் அணியின் ஜே கட்லருக்குக் கட்டைவிரல் முறிந்தது. மெக்கவுனுக்கு அழைப்பு வந்தது. கிறிஸ்துமஸ் இரவு கிரீன் பேயில் அவர்தான் தொடக்க ஆட்டக்காரர். தோற்றார்கள், பரவாயில்லை. 2012இல் சிகாகோவும் கழித்துவிட்டது. மீண்டும் அதே பள்ளி, மீண்டும் நவம்பரில் அழைப்பு. 2013இல் கட்லர் மறுபடி காயப்பட்டபோது உள்ளே வந்து 13 டச் டவுன் எறிந்தார். எதிரணி பறித்த பந்து ஒன்றே ஒன்று! தயாராக இல்லாத ஆளால் இது முடியுமா? மாற்று ஆட்டக்காரர் வாரம் முழுக்கப் பயிற்சியில் எதிரணி மாதிரி ஆடிக் காட்டி, சொந்த அணியின் ஆட்டத்தை மனசுக்குள்ளேயே ஓட்டிப் பார்த்துக்கொண்டிருப்பவர். எப்போது கூப்பிடுவார்கள் என்று அவருக்கே தெரியாது.

2018இல் ஜெட்ஸ் அணியில் சாம் டார்னல்டு என்ற இளைஞர் வந்தார். தன் இடத்துக்கு வந்தவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து மெக்கவுன் தொழில் சொல்லிக்கொடுத்தார். 2024இல் மினசோட்டாவில் அதே டார்னல்டு பதினான்கு பந்தயம் ஜெயித்தபோது குவார்ட்டர்பேக் பயிற்சியாளர் யார்? மெக்கவுன். எந்த அணியை 2003இல் அழவைத்தாரோ அதே அணி!

2019இல் ஓய்வு அறிவித்தவரைப் பிலடெல்ஃபியா மீண்டும் ஆட வரச்சொல்லிக் கூப்பிட்டது. அப்போது சார்லட்டில் மயர்ஸ் பார்க் பள்ளியில் தன் மகன்கள் ஆடும் அணிக்குப் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தார். வெள்ளிக்கிழமைகளில் விட்டால் வருகிறேன் என்று கேட்டு, அனுமதி வாங்கி, பறந்து வந்து பிள்ளைகளோடு நின்றார். 2020 ஜனவரி 5, சியாட்டிலுக்கு எதிரான பிளே ஆஃப் பந்தயத்தில் கார்சன் வென்ட்ஸுக்குத் தலையில் அடிபட்டது. நாற்பது வயதில் மெக்கவுனுக்கு முதல் பிளே ஆஃப். இரண்டாம் கால் பகுதியிலேயே தொடைப் பின்தசை கிழிந்தது. அவரும் வெளியேறினால் பந்து எறிய குவார்ட்டர்பேக் கிடையாது. நொண்டிக்கொண்டே கடைசிவரை ஆடினார். 24 முறை எறிந்ததில் 18 சேர்ந்தது. 17க்கு 9 என்று தோற்று, கண்ணீரோடு உள்ளே போனார்.

இப்போது நம் வீட்டு விஷயம். நம் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் வகுப்புக்கு ஒரு ஆசிரியர்தான். அவருக்குக் காய்ச்சல் வந்தால் வகுப்பு இல்லை. சென்ற ஆண்டு ஓர் ஆசிரியை பிரசவத்துக்குப் போனார். ஐந்து வயதுப் பிள்ளைகளை ஒன்பது வயதுப் பிள்ளைகளோடு உட்கார வைத்தோம். சின்னதுகள் உயிரெழுத்தை விட்டுவிட்டுப் படம் வரைந்துகொண்டிருந்தன. அரங்கில் இருக்கும் ஒருவர் அன்றைக்கு வந்திருந்தால் போதும். மேடைப் பேச்சாளர் வேண்டாம், தமிழில் பட்டம் வேண்டாம். ‘எனக்கு இலக்கணம் மறந்துபோச்சு’ என்று சொல்பவர்களுக்குத்தான் இதைச் சொல்கிறேன்: சிறு துரும்பும் பல் குத்த உதவும்.

மாற்று ஆசிரியர் பட்டியல் ஒன்று தொடங்குகிறோம். வாயிலில் புத்தக மேசைக்குப் பக்கத்தில் நீல அட்டை நோட்டு இருக்கிறது. பெயர், தொலைபேசி எண், எந்த வகுப்புக்கு வர முடியும் என்று எழுதுங்கள். பாடத்திட்டத்தை நாங்களே தருகிறோம். முதல் இரண்டு வாரம் ஓர் ஆசிரியர் பக்கத்தில் உட்கார்ந்து பாருங்கள், அப்புறம் அழைப்பு வரும்போது வாருங்கள். தாத்தா பாட்டிமாரும் எழுதலாம். ஆறு மாதம் இங்கே இருந்துவிட்டு ஊருக்குப் போகிறவர்களும் எழுதலாம். சாப்பாட்டுப் பந்தி முடியும் வரை நான் அந்த மேசையருகில்தான் இருப்பேன். நன்றி, வணக்கம்.