சுட்டவளே கட்டிக்கொண்டாள்

மேடையில் வீற்றிருக்கும் தலைவர் அவர்களே, கைக்கடிகாரத்தை இப்போதே பார்க்கத் தொடங்கிவிட்ட செயலாளர் அவர்களே, புரொஜெக்டரைத் தம் செலவில் பழுதுபார்த்துத் தந்த புரவலர் ஐயா அவர்களே, மழையிலும் வந்திருக்கும் தாய்மார்களே, நண்பர்களே, வணக்கம். ஐயா மனம் வைக்காவிட்டால் இன்று படமே கிடையாது. அவருக்கு ஒரு கைதட்டல்!

நிழலருமை வெயிலில் தெரியும். எந்த மேடையிலும் நான் சொல்வதுதான். இங்கே மட்டும் விடுவேனா?

ஜப்பானிய இயக்குநர் யசுஜிரோ ஓசு 1933-இல் எடுத்த பேசாப்படம் 'டிராக்நெட் கேர்ள்'தான் இன்றைய படம். விசுவாசம், துரோகம், ஒளிப்பதிவு என மூன்று செய்திகள் பேச வந்தேன்.

டோக்கிக்கோ பகலில் டைப்பிஸ்ட். இரவில் ரவுடி ஜோஜியின் துணைவி. நடித்தவர் கினுயோ தனாக்கா, பின்னாளில் தாமே படம் இயக்கியவர். இசைத்தட்டுக் கடையில் வேலை பார்க்கும் கசுக்கோ என்ற சாதுப் பெண்ணிடம் ஜோஜியின் மனம் சாய்கிறது. விடுவாளா இவள்? கைத்துப்பாக்கியோடு கிளம்பிவிட்டாள். சண்டைதான் என்று நாம் நாற்காலி நுனிக்கு வந்துவிடுகிறோம். அந்தப் பெண்ணின் வெள்ளை மனத்தைப் பார்த்ததும் இவளுக்குக் கோபம் வடிந்துவிடுகிறது. மிரட்டப் போனவள் முத்தம் கொடுத்துவிட்டுத் திரும்புகிறாள், ஐயா!

கசுக்கோவின் தம்பி கடைப் பணத்தில் கைவைத்துவிடுகிறான். அவனைக் காப்பாற்ற ஜோஜி, டோக்கிக்கோ ஜோடி கடைசியாக ஒரு கொள்ளை அடிக்கிறது. போலீஸ் நெருங்குகிறது. "சரணடைவோம், சிறை போய்வந்து புதிதாக வாழ்வோம்" என்று மன்றாடுகிறாள் டோக்கிக்கோ. அவன் கேட்கவில்லை. சுட்டாள், காலில்! விழுந்தவனை ஓடிப்போய்க் கட்டிக்கொள்கிறாள். துரோகமா, விசுவாசமா? எதிர்வரிசைத் தாய்மார்களே சொல்லட்டும்.

ஒளிப்பதிவைப் பிறகு பார்ப்போம். அதைவிட அவசரமான ஒன்று இருக்கிறது. இந்தப் படம் பிழைத்தது நம் அதிர்ஷ்டம். இதே ஓசு 1927-இல் எடுத்த முதல் படம் இன்று உலகில் எங்குமே இல்லை. அந்நாளில் படம் எடுத்த நைட்ரேட் பிலிம் சுருள் தீப்பொறி பட்டாலே குப்பென்று பிடிக்கும். பெட்டியில் சும்மா கிடந்தாலும் பொடிந்துபோகும். நம் கதை என்ன? நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த, தென்னிந்தியாவின் முதல் பேசாப்படமான 'கீசக வத'மும் போயே போய்விட்டது. நிழலருமை வெயிலில் தெரியும் என்று இதற்குத்தான் அடித்துக்கொள்கிறேன். புனேயில் 1964 முதல் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் இருக்கிறது. சென்னையிலும் அப்படி ஒன்று, குளிரூட்டிய அறைகளோடு வேண்டும் என்று மனு எழுதியிருக்கிறோம்.

செயலாளர் எழுந்து நின்றுவிட்டார். மனு வாசல் மேசையில் இருக்கிறது. படம் முடிந்ததும் ஓடிவிடாமல் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போங்கள். பேனா இல்லாதவர்களுக்குத் தலைவரே தருவார். விளக்கை அணைக்கலாம். வணக்கம்.