பதிலை முதலில் எடுத்தார்கள், கேள்வியைப் பிறகு எடுத்தார்கள்

வணக்கம். விளம்பரக் கலை அரசியல் பிரச்சாரத்தை எப்படி மாற்றியது என்பதை இரண்டு அமெரிக்கத் தேர்தல்களை வைத்துப் பேசப்போகிறேன்.

1952-இல் குடியரசுக் கட்சியின் அதிபர் வேட்பாளர் ஐசனோவருக்குத் தொலைக்காட்சி விளம்பரங்களை வடிவமைத்தவர் விளம்பர நிபுணர் ரோசர் ரீவ்ஸ். ஒரு பொருளுக்கு ஒரே ஒரு சிறப்பைச் சொல்ல வேண்டும், அதையே சலிக்காமல் திரும்பத் திரும்பச் சொல்ல வேண்டும் என்பது அவருடைய தொழில் சூத்திரம். அனாசின் மாத்திரையை விற்றதும் அந்த வழியில்தான். விலைவாசி, ஊழல், கொரியப் போர் ஆகிய மூன்றை மட்டும் வைத்துக்கொண்டு, சாதாரணக் குடிமக்கள் கேட்க ஐசனோவர் பதிலளிப்பதுபோன்ற 20 நொடிப் படங்களை அவர் உருவாக்கினார்.

அவை உருவான விதத்தைக் கவனியுங்கள். நியூயார்க்கில் ஒரு படப்பிடிப்புக் கூடத்தில் ஐசனோவர் பெரிய எழுத்து அட்டைகளைப் பார்த்துப் பதில்களை எல்லாம் ஒரே நாளில் பேசி முடித்துவிட்டார். கேள்வி கேட்பவர்களை அதன் பிறகுதான் தேடிப்பிடித்துப் படமெடுத்து, இரண்டையும் ஒட்டினார்கள். ஒரு பெண்மணி விலைவாசியைப் பற்றிக் கேட்க, தன் மனைவி மேமிக்கும் அதே கவலைதான் என்கிறார் வேட்பாளர். இருவரும் நேரில் சந்தித்ததே இல்லை. இரண்டாம் உலகப் போரில் வென்ற தளபதி என்பதால் விளம்பரம் இல்லாமலும் அவர் வென்றிருப்பார் என்பது என் கணிப்பு. ஆனாலும் மக்களிடம் பேசுவதற்குப் பதிலாக, பேசியதுபோலக் காட்டினால் போதும் என்ற வழக்கம் அங்கே வேரூன்றிவிட்டது.

1964 தேர்தலில் அதிபர் ஜான்சனுக்காக டாயில் டேன் பெர்ன்பாக் என்ற விளம்பர நிறுவனம் தயாரித்த படம் இன்னும் நுட்பமானது. ஒரு சிறுமி பூவிதழ்களை எண்ணுகிறாள், தப்பும் தவறுமாக. திடீரென ஓர் ஆணின் குரல் பத்திலிருந்து இறங்குவரிசையில் எண்ணத் தொடங்க, கேமரா அவள் கண்ணின் கருமைக்குள் நுழைகிறது, அணுகுண்டு வெடிக்கிறது. எதிர்வேட்பாளர் கோல்ட்வாட்டரின் பெயர் ஓர் இடத்திலும் வரவில்லை. அணு ஆயுதச் சோதனைத் தடை ஒப்பந்தத்தை எதிர்த்து முந்தைய ஆண்டு வாக்களித்தவர் அவர் என்பதால், பார்வையாளர்களின் மனத்தில் ஏற்கெனவே இருந்த அச்சத்தைத் தொட்டுவிட்டால் போதும் என்று விளம்பரக்காரர்கள் கணக்குப் போட்டார்கள். கணக்குத் தப்பவில்லை. தன் பெயரே இல்லாத படத்துக்கு எதிராகக் கோல்ட்வாட்டர் தரப்பு கொதித்தெழ, செய்தி நிகழ்ச்சிகள் அதை இலவசமாக மறுபடியும் காட்டின. ஜான்சன் தரப்பு காசு கொடுத்து ஒளிபரப்பியது செப்டம்பர் 7 அன்று, ஒரே ஒரு முறைதான்.