செய்திக்கு இரண்டாவது வாசல்

நேயர்களுக்கு வணக்கம்.

அம்பாசமுத்திரம் வட்டாரத்தில் இருபது வருஷத்துக்கு மேல் பகுதிநேர நிருபராக இருந்தேன். மாதச் சம்பளம் கிடையாது; அச்சான செய்தியை அளந்து காசு தருவார்கள். போகப்போக, தீபாவளி மலருக்கும் பொங்கல் மலருக்கும் விளம்பரம் பிடித்துக் கொடுப்பதும் எங்கள் தலையில் விழுந்தது. காலையில் விளம்பரம் கேட்டு ஒருவர் முன்னால் உட்கார்ந்திருப்பேன். அவருடைய லாரிகள் தாமிரபரணியில் மணல் அள்ளுவதைச் சாயங்காலம் நானே எழுத வேண்டும். ஒருமுறை எழுதி அனுப்பினேன். வரவில்லை. கேட்டதற்கு, "அண்ணாச்சி, மலருக்கு முழுப்பக்கம் குடுத்திருக்காவ, கொஞ்சம் பொறுங்க" என்றார் பொறுப்பில் இருந்த தம்பி. அவரைக் குறை சொல்ல மாட்டேன். அவருக்கும் மாதாமாதம் விளம்பர இலக்கு உண்டு.

முன்பெல்லாம் இப்படி நின்றுபோன செய்தியை வேறு பத்திரிகை நண்பரிடம் கொடுத்துவிடுவோம். இவர் போடாததை அவர் போடுவார். பத்திரிகைகள் சில கைகளில் சேரச்சேர அடைபடுவது அந்த இரண்டாவது வாசல்தான். முதலாளி நேரில் வந்து 'எழுதாதே' என்று சொல்ல வேண்டியதே இல்லை.

1993-ல் தொடங்கிய சன் தொலைக்காட்சியின் குழுமம் கேபிளிலும் பண்பலையிலும் வளர்ந்து, 2005-ல் தினகரனையும் வாங்கியது. வடக்கே செய்தித் தொலைக்காட்சிகள் நடத்தும் நெட்வொர்க் 18 நிறுவனம் 2014-ல் ரிலையன்ஸ் வசமும், என்டிடிவி 2022-ல் அதானி வசமும் போயின. வானொலியாவது இரண்டாவது வாசலாகுமா என்றால், தனியார் பண்பலை நிலையங்கள் சொந்தமாகச் செய்தி தயாரிக்க அனுமதியே கிடையாது. ஆகாசவாணிச் செய்தியை மாற்றாமல் ஒலிபரப்பலாம், அவ்வளவுதான். அரசியல் கட்சிகள் ஒளிபரப்பில் இறங்கக் கூடாது, பத்திரிகை, தொலைக்காட்சி இரண்டிலும் ஒரே கை ஓங்காமல் வரம்பு வேண்டும் என்று 2014-ல் மத்திய அரசின் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் பரிந்துரைத்தது. அது இன்னும் சட்டமாகவில்லை.

தாமிரபரணியில் மணல் அள்ள 2010-ல் உயர்நீதிமன்ற மதுரைக் கிளை தடை விதித்தது. வழக்குப் போட்டவர் ஸ்ரீவைகுண்டத்துக்காரர், நல்லகண்ணு அய்யா. ஊருக்கு ஊர் நிருபர்கள் இருந்தும், ஆற்றுக்காக ஒரு முதியவர் நீதிமன்றப் படியேற வேண்டியிருந்ததை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் மனசு ஆறவில்லை.

பத்திரிகை நடத்துகிறவர்களிடம் நான் கேட்பது ஒன்றுதான். விளம்பரத்துக்குத் தனியாக ஆள் வையுங்கள். நிருபருக்கு மாதச் சம்பளம் கொடுங்கள். விளம்பர ரசீதுப் புத்தகத்தை அவர் கையிலிருந்து வாங்கிவிடுங்கள்.

வணக்கம்.